கட்டாத தடுப்புக் கம்பி

சட்டத்தில் எழுதியிருக்கும் குறைந்தபட்சக் கூலியைக் கொடுங்கள் என்று மேனேஜரிடம் கேட்டேன். பஸ்ஸில் மீதிச் சில்லறை கேட்பதுபோல, அவ்வளவு சாதாரணமாகத்தான் கேட்டேன். அதை மட்டும் ஒருநாளும் கேட்டுவிடாதே என்று சொல்லித்தான் சித்தி என்னை அந்த ஆலைக்குக் கூட்டிப் போயிருந்தாள்.

அது சலவை ஆலை. ஹோட்டல்களிலிருந்தும் ஆஸ்பத்திரிகளிலிருந்தும் வரும் விரிப்புகளையும் உறைகளையும் துவைத்து, தேய்த்து, மடித்து அனுப்புவோம். சித்தி தேய்க்கும் பிரிவில் இருந்தாள். அம்மா போன பிறகு என்னை வளர்த்தவள் அவள்தான். எங்கள் வீட்டில் முதல் ஆளாகக் கல்லூரிக்கு அனுப்பியவளும் அவள்தான். பட்டத்தை வாங்கிக்கொண்டு வேலையில்லாமல் உட்கார்ந்திருந்தபோது, மேனேஜரிடம் பல்லைக் காட்டி என்னை மேற்பார்வை வேலையில் சேர்த்துவிட்டதும் அவளே.

மேனேஜர் கோபப்படவில்லை. "படிச்ச பொண்ணு, விவரமாத்தான் பேசுறே. பிடிக்கலைன்னா கிளம்பிடு. உன் சித்திக்கும் சேர்த்துத்தான் சொல்றேன்" என்றார்.

தேய்க்கும் பிரிவில் ஒரே சிரிப்பு. வாய் ஓயாததால் ரேடியோ என்று பெயர் வாங்கிய அக்கா, "என்ன மேடம், கூலியை ஏத்திட்டாரா? இல்ல உனக்கு ரத்தக்கொதிப்பை மட்டும் ஏத்தி அனுப்பிட்டாரா?" என்றாள். சித்தி சிரிக்கவில்லை. "வாயை வச்சுக்கிட்டுச் சும்மா இருடின்னு சொன்னேன்ல" என்றாள்.

தொழிலாளர் ஆய்வாளரான உங்கள் அலுவலகத்துக்கு வந்தேன் ஐயா. உங்களைப் பார்க்க முடியவில்லை. வாசலில் இருந்த குமாஸ்தாதான் பேசினார். "கூலிப் புகாரெல்லாம் மலைபோல கிடக்கும்மா. ஆபீசர் ஆய்வுக்கு எப்ப வருவாங்கன்னு சத்தியமா எனக்குத் தெரியாது. யாருக்காவது அடிபட்டுச்சுன்னா அன்னைக்கே வந்து எல்லாத்தையும் புரட்டிப் பாப்பாங்க." அவர் நல்ல மனிதர். உள்ளதைச் சொன்னார்.

இயந்திரத்தை நீங்கள் பார்த்திருக்கிறீர்கள். ஆளுக்கு ஒன்று. ஈர உறையை நீட்டினால் சுடுகிற உருளை இழுத்துக்கொள்ளும். உருளையின் வாயில் ஒரு தடுப்புக் கம்பி உண்டு. அதில் விரல் பட்டால் இயந்திரம் நிற்க வேண்டும். கனமான துணி பட்டாலும் நின்றுவிடும், அதுதான் தொல்லை. தேய்த்த எண்ணிக்கைக்குத்தான் கூலி. அதனால் பெண்கள் பழைய விரிப்பில் ஒரு நாடா கிழித்து, கம்பியைத் தூக்கிக் கட்டிவிடுவார்கள். நான் காலையில் அவிழ்ப்பேன். என் தலை மறைந்ததும் திரும்பக் கட்டுவார்கள். கம்பி இல்லை என்பது அவர்களுக்கு நினைவிருக்கும், கை தானாகவே எட்டி நிற்கும்.

சித்தி மட்டும் கட்டமாட்டாள். "காசு குறைஞ்சா குறையட்டும், எனக்குக் கை வேணும்" என்பாள். கம்பி இருக்கிற தைரியத்தில், உருளையின் வாய்வரை விரலால் சுருக்கம் நீவிக்கொண்டே போவாள். அவள் தேய்த்த துணியில் ஒரு கோடு இருக்காது.

யாருக்காவது அடிபட வேண்டும். இதை நான் ஆத்திரத்தில் யோசிக்கவில்லை. ஆத்திரம் இருந்தது, ஆனால் அமைதியாகத்தான் யோசித்தேன். கம்பியைக் கட்டிய ஒருத்திக்கு அடிபட்டால், அவளே தேடிக்கொண்டது என்று கம்பெனி கைகழுவிவிடும். கட்டாதவளுக்கு அடிபட்டால் தப்பிக்க வழியில்லை. கட்டாதவள் ஒருத்திதான் இருந்தாள்.

அன்று காலை, யாரும் வருமுன், சித்தியின் இயந்திரத்தில் கம்பிக்குப் பின்னால் இருக்கும் சுவிட்சின் திருகாணியைத் தளர்த்தினேன். கழற்றவில்லை, தளர்த்தினேன். கவனிப்பாரில்லாமல் தானாகத் தளர்ந்தது என்று நீங்கள் எழுத வேண்டுமே. ஒரு சூடு, ஒரு கொப்புளம், அதோடு முடியும் என்று நினைத்தேன். உருளை பிடித்ததை விடாது என்பது எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டேதான் அப்படி நினைத்தேன்.

ஓடிப்போய் மின்சாரத்தை நிறுத்தியவள் ரேடியோ அக்கா. அதற்குப் பிறகு அன்று முழுவதும் அவள் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை.

நீங்கள் அன்றே வந்தீர்கள். கூலிக் கணக்கையும் புரட்டினீர்கள். அடுத்த சம்பளத்திலேயே எல்லோருக்கும் சட்டக் கூலி வந்துவிட்டது. ரேடியோ அக்கா மகளைத் திரும்பப் பள்ளிக்கு அனுப்புகிறாள். சித்தியின் வலது கையில் கட்டைவிரல் மட்டும் மிஞ்சியது.

இன்று காலை அவளுக்குத் தலை வாரிவிட்டுக்கொண்டிருந்தேன். இப்போது நான்தான் வாரிவிட வேண்டும். திரும்பிப் பார்க்காமலே சொன்னாள்: "அது தானா தளரலை. அன்னைக்கு நீ என் முகத்தைப் பாக்காமலே போனே. எனக்கு அப்பவே ஏதோ தட்டுச்சு."

சீப்பு என் கையில் நின்றது. "ஆபீசர்கிட்ட சொல்லப்போறேன் சித்தி."

"எதுக்கு?"

"நெஞ்சு அடைக்குது. தூங்க முடியலை."

"அடைக்கட்டும்" என்றாள். "நீ போய்ச் சொன்னா, வீட்டாளுங்களே சேர்ந்து செஞ்ச சதின்னு கம்பெனிக்காரன் கேஸ் போடுவான். எனக்கு வர்ற இழப்பீடு நிக்கும். இவளுங்க கூலியைப் பிடுங்க அவனுக்கு ஒரு சாக்கு கிடைக்கும். கைதான் போச்சு, அது வீணாவும் போகணுமா? உன் நெஞ்சு லேசாகறதுக்கு என் பொழப்பா கிடைச்சது? பேசாம இருடி."

அவள் படித்தவள் இல்லை. பயத்தில் பேசுகிறாள் என்பது எனக்குப் புரிந்தது. உண்மையைச் சொன்னால் கொடுத்த கூலியைப் பறிக்கிற அளவுக்குச் சட்டம் மோசமில்லை. பொய்யின் மேல் வருகிற பணம் அவள் உடம்பில் ஒட்டாது. இதையெல்லாம் அவளுக்காக யாராவது யோசிக்க வேண்டும், நான்தான் இருக்கிறேன். அவள் தலைமுடியைப் பின்னி முடிப்பதற்குள் முடிவு எடுத்துவிட்டேன்.

செருப்பை மாட்டியபோது அவள் எழுந்து வந்து என் மணிக்கட்டைப் பிடித்தாள். பழக்கத்தில் வலது கையை நீட்டிவிட்டாள். கட்டுத்துணி என் தோலில் ஒருமுறை அழுந்தியது, பிறகு நழுவிக்கொண்டது. நான் உதற வேண்டியிருக்கவே இல்லை. நேராக உங்களிடம் நடந்து வந்தேன்.

நான் போகக்கூடாது என்று உண்மையிலேயே நினைத்திருந்தால், அவள் இன்னும் இறுக்கிப் பிடித்திருப்பாள்.