பாலம் இறங்குற வரைக்கும்

இந்தக் குறும்படப் போட்டியில பரிசு வாங்கினவங்க கொஞ்ச நேரம் காதைப் பொத்திக்கலாம். நான் இப்ப பேசப்போறது வாங்காத அந்தப் பதினாலு பேர்கிட்ட. கடைசி வரிசையில மூஞ்சியைத் தூக்கி வச்சுக்கிட்டு உட்கார்ந்திருக்கீங்களே... உங்ககிட்டதான். குட்டியூண்டு கதை ஒண்ணு சொல்றேன். கேட்டுட்டு அப்புறமா கோவப்படுங்க.

நெதர்லாந்துன்னு ஒரு நாடு. டச்சுக்காரங்க நாடு. தெருவுக்குத் தெரு வாய்க்கால், வாய்க்காலுக்கு வாய்க்கால் பாலம். படகு வந்தா மணி அடிக்கும், குறுக்குக் கட்டை இறங்கும், பாலம் அப்படியே மேல எந்திரிச்சு நிக்கும். நம்ம ரயில்வே கேட் மாதிரிதான். ரயிலுக்குப் பதிலா படகு.

அங்க மரித்னு ஒரு பொண்ணு. இருபத்தஞ்சு வயசு. குறும்பட இயக்குநர். ஒருத்தன் கல்யாண கேக்கை சைக்கிள்ல வச்சு எடுத்துட்டுப் போறான், பாலத்தைத் தூக்கிட்டாங்க, இக்கரையிலேயே மாட்டிக்கிறான்... இதான் அவ எடுத்த படம். பன்னெண்டு நிமிஷம். இருபத்திரண்டு திரைப்பட விழாவுக்கு அனுப்பினா. எத்தனை விழாவுல எடுத்தாங்க? அஞ்சு? ரெண்டு? ... ஒண்ணுகூட இல்லைங்க!

இந்தப் பக்கம் அவ மேசை மேல ஒரு கடிதம். இன்சூரன்ஸ் ஆபீஸ் வேலை. டிசம்பர் முப்பத்தொண்ணுக்குள்ள கையெழுத்துப் போடணும். போட்டா சம்பளம் வரும்... சினிமாவுக்கு முழுக்கு.

அவளோட அக்கா தீனெகெதான் ஊர்ப் பாலத்தைத் தூக்கி இறக்குறவ. அந்த ஊர்ல அக்காவைப் பேர் சொல்லித்தான் கூப்பிடுவாங்களாம். நம்ம காதுக்கு அது ஒத்து வராது, அக்கான்னே வச்சுக்கறேன்.

"அக்கா, பாலம் எந்திரிச்சு நிக்கும்போது அதோட அடிப்பக்கம் வெள்ளை வெளேர்னு இருக்குல்ல? புரொஜெக்டர் வச்சு என் படத்தை அதுல போடட்டுமா?"

"நகராட்சியில எழுதி வாங்கிட்டு வா, போட்டுக்கோ. ஆனா ஒண்ணு... படகு தாண்டினதும் பாலத்தை இறக்கிடுவேன். உன் படம் முடிஞ்சுதா முடியலையான்னு பார்க்க மாட்டேன்."

மரித் எழுதி வாங்கிட்டு வந்துட்டா. அங்க டிசம்பர்ல சாயங்காலம் நாலரைக்கே இருட்டிடும். மணி அடிச்சுது. பாலம் எந்திரிச்சுது. வேலை முடிஞ்சு வீட்டுக்குப் போற நாற்பது பேர் சைக்கிளோட குளிர்ல நிக்கிறாங்க. படம் ஆரம்பிச்சுது. பனிமூட்டம்... தண்ணி... ஒரு வாத்து... மறுபடியும் பனிமூட்டம். ஆறு நிமிஷம் ஆச்சு, படகு போயிடுச்சு, பாலம் இறங்கிடுச்சு. நாற்பதுல முப்பத்தொன்பது பேர் மிதிச்சுக்கிட்டுப் போயே போயிட்டாங்க!

சிவப்புக் கம்பளித் தொப்பி போட்ட ஒரு அம்மா மட்டும் நின்னாங்க. டச்சுக்காரங்க எதையும் மூஞ்சிக்கு நேரா சொல்லிடுவாங்க. "ஏன் பொண்ணே... நான் நிக்கிறதே பனிமூட்டத்துல. அதையே எனக்குப் படமா வேற காட்டுறியா?"

மரித் அக்காகிட்ட ஓடினா. "அக்கா, நாளைக்கு இன்னும் ஆறே ஆறு நிமிஷம் பாலத்தைத் தூக்கியே வையேன்! அதுக்கப்புறம்தான் கேக்கே வருது!"

"அந்தக் கூட்டத்துல டூட்டிக்குப் போற நர்ஸ் இருக்கா, புள்ளையைக் கூப்பிடப் போற அப்பன் இருக்கான். உன் கேக்குக்காக அவங்களை நிறுத்தி வைக்கணுமா? முடியாது, போ!"

சொந்த அக்காங்க... ஒரு நிமிஷம்கூட தரல.

அந்தப் பனிமூட்டத்துக்காக மரித் பதினோரு நாள் விடியக்காலையில முழங்கால் அளவு ஜில்லுத் தண்ணியில நின்னவ. அதை வெட்டணும்னா மனசு எப்படி இருக்கும்? அழுதா. அழுதுக்கிட்டே வெட்டினா. வாத்தையும் வெட்டினா, பாவம். பன்னெண்டு நிமிஷப் படம் ஆறு நிமிஷத்துக்குள்ள வந்துடுச்சு.

டிசம்பர் முப்பது. மறுபடியும் பாலம் எந்திரிச்சுது. இந்தத் தடவை முதல் காட்சியே... சைக்கிள் கேரியர்ல மூணு அடுக்கு கேக்கு, சாயுது! கூட்டத்துல ஒருத்தன், "புடி, புடி!"ன்னு கத்துறான். பாலத்துல மாட்டிக்கிட்டவங்க, பாலத்துல மாட்டிக்கிட்டவனைப் பார்க்கிறாங்க. எப்படி இருக்கும்? அப்போ பாருங்க... அன்னைக்குன்னு வந்தது சின்னப் படகு, வேகமா தாண்டிடுச்சு. படம் முடிய இன்னும் அரை நிமிஷம் இருக்கு. அக்கா விட்டாளா? இறக்கிட்டா! கேக்கு அந்தரத்துல நிக்குது, பாலம் இறங்குது, படம் வழுக்கித் தண்ணியில விழுது. குறுக்குக் கட்டை தூக்கியாச்சு. வழி விட்டாச்சு.

யாராவது போனாங்கன்னு நினைக்கிறீங்க? ... ஒருத்தர் நகரலைங்க. ஒரு கால் பெடல்ல, ஒரு கால் தரையில. பின்னாடி வேன்காரன் ஹாரன் அடிக்கிறான்... நகரலை!

அப்போ ஒரு சத்தம். அதே சிவப்புத் தொப்பி. "ஏய் பொண்ணே! கேக்கு போய்ச் சேர்ந்துச்சா இல்லையா? ... வேணாம், சொல்லாத! நாளைக்கு இதே நேரம் வர்றேன். என் புருஷனையும் கூட்டிட்டு வர்றேன்!"

டூட்டி முடிஞ்சு இறங்கி வந்த அக்கா கேட்டா: "நாளைக்குத்தானே கடைசி நாள்? கையெழுத்துப் போடப் போறியா?"

மரித் சொன்னா: "நாளைக்கு எனக்கு நேரம் இல்லக்கா. படம் போடணும்."

அந்தச் சின்னப் படம் அடுத்த வருஷம் மூணு விழாவுக்குப் போச்சு. அதுக்கப்புறம் எட்டுப் படம் எடுத்துட்டா. இன்னைக்கும் எந்தப் படத்தையும் முதல்ல அந்தப் பாலத்துலதான் போடுவா. பாலம் இறங்கியும் சனம் நின்னா விழாவுக்கு அனுப்புவா. நகர்ந்துட்டா... திரும்பப் போய் வெட்டுவா.

தம்பிகளா, தங்கச்சிகளா... இருபத்திரண்டு பேர் வேணாம்னு சொன்னது மரித்தையா? அந்தப் பனிமூட்டத்தைங்க! இன்னைக்கு உங்க படத்தை வேணாம்னுட்டாங்க. சரி. உங்களை யார் வேணாம்னா? போங்க. உங்க பனிமூட்டம் எதுன்னு கண்டுபிடிச்சு வெட்டுங்க, எவ்வளவு ஆசையா எடுத்திருந்தாலும் வெட்டுங்க. பஸ் ஸ்டாண்டுல காட்டுங்க, டீக்கடையில காட்டுங்க. அவசரமாப் போற ஒரு மனுஷன், வழி விட்ட பிறகும் கால் ஊனி நிக்கிறானா பாருங்க. அவன் நின்னுட்டா, இந்த மேடை உங்களைத் தேடி வரும்.

அதோ... செயலாளர் எனக்கும் மணி அடிச்சுட்டார். என் பாலம் இறங்குது. வாசல் கதவும் திறந்துதான் இருக்கு... ஆனா கடைசி வரிசையில ஒருத்தரும் எந்திரிக்கலையே! அந்தப் பதினாலு பேருக்கும் என் நன்றி. அடுத்த வருஷம் நீங்க மேடையில நில்லுங்க... நான் கடைசி வரிசையில உட்கார்றேன்.