கடைசி எபிசோடுக்கு ஒரு படையல்

நான் சூப்பர் ஹீரோ கதைகள் பார்க்கிறவன் இல்லை, சார். யோகேஸ்வரிதான் பழக்கினாள். கல்யாணமான புதிதில் எங்கள் பெர்மாஸ் ஜெயா வீட்டில் சோபாகூடக் கிடையாது. பாயில் உட்கார்ந்து பார்த்தோம்.

அந்தத் தொடரின் நாயகனுக்குப் பறக்கத் தெரியும். ஆனால் தீயில் ஒரு குடும்பம் கத்தும்போது, கையுறையில் கரி படுமே என்று யோசிப்பான். காப்பாற்றுவானா மாட்டானா என்பது கடைசிவரை தெரியாது. ருசி அதில்தான். நல்லவன் என்றால் எப்படியும் காப்பாற்றிவிடுவான். நாம் டிவியை அணைத்துவிட்டுத் தூங்கப் போகலாம்.

கடைசி எபிசோடு வருவதற்குள் யோகேஸ்வரி தலைவலி என்று படுத்தாள். எழவில்லை. ஒருவர் இல்லாமல் மற்றவர் பார்ப்பதில்லை என்பது எங்கள் ஒப்பந்தம். நான் அதைத் தொடவில்லை.

போன ஞாயிறு மதியம் அவளுக்குப் படையல். தேங்காய்ப்பால் சோறான நாசி லெமாக், மிளகாய்ச் சம்பல், மைலோ என்று அவளுக்குப் பிடித்ததையெல்லாம் படத்தின் முன் வைத்தோம். நான் மடிக்கணினியையும் வைத்து, கடைசி எபிசோடை ஓடவிட்டேன். மாமியார் பேச்சியம்மாள் அதற்கும் சேர்த்துச் சூடம் காட்டினார். இறந்தவள் வந்து சாப்பிடட்டும் என்று கதவைச் சாத்திவிட்டு எல்லோரும் வெளியே வந்தோம். அவள் முதலில் பார்க்கட்டும், நான் பிறகு.

வாசலில் அவள் தம்பி மனோகரன். சிங்கப்பூரில் வேலை. எல்லாத் தொடரையும் பஸ்ஸிலேயே பார்த்து முடித்துவிடுவான்.

"மச்சான், கடைசில என்ன ஆகுதுன்னு சொல்லட்டா?"

"வேணாம்டா."

"சும்மா லா. ஆத்தங்கரைல ஒரு சீன் வருது பாருங்க..."

"சாப்பிட்டுட்டுப் பேசலாம், வா."

மாமியார் பக்கத்து வீடுகளுக்குச் சாப்பாடு கொடுக்கப் போயிருந்தார். வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். மனோகரனுக்கு இறால் ஆகாது. சம்பலில் போடும் பெலாச்சான் இறாலில் செய்வது. அவனுக்கென்று பெலாச்சான் சேர்க்காமல் அரைத்தது சமையலறையில் தனியாக இருந்தது. நான் படையலில் இருந்ததைப் பரிமாறினேன்.

"இதுல பெலாச்சான் இருக்கா மச்சான்?"

"இல்லடா. அக்காவுக்கு வெச்சது, வேணாம்னு சொல்லாத."

படையல் சோற்றை எங்களில் யாரும் மறுப்பதில்லை. நாக்கு கொஞ்சம் வீங்கினால் போதும் என்றுதான் நினைத்தேன். நான் பார்த்து முடிக்கும்வரை அவன் பேசாமல் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

நாக்கு வீங்கியது. பேச்சு நின்றது. ஒவ்வாமைக்கான ஊசி மருந்து இருந்த தன் பையை அவன் கையால் காட்டினான். பை என் காலடியில்தான் இருந்தது. நான் மடிக்கணினியை என் பக்கம் திருப்பி, எபிசோடை முதலிலிருந்து போட்டேன். நடுவில் அவன் என் கால்சட்டையைப் பிடித்து இழுத்தான். சத்தத்தைக் கொஞ்சம் கூட்டினேன். நல்ல எபிசோடு, சார்.

முடிவில் நாயகனின் தம்பி ஆற்றில் மூழ்குகிறான். நாயகன் கரையில் நின்று பார்க்கிறான். கையை நீட்டினால் போதும். நீட்டவில்லை. பெயர்கள் ஓடி முடிந்ததும் நான் பையைத் திறந்து மனோகரனுக்கு ஊசியைப் போட்டேன். அவன் நெளியக்கூட இல்லை.

எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை. சொந்தத் தம்பி, சார். அந்த நாயகன் எப்படித்தான் பார்த்துக்கொண்டு நின்றானோ.