ஞாயிற்றுக்கிழமை அடைத்த மதகு

என் பெயர் ஹெண்ட்ரிகா டெர்ப்ஸ்ட்ரா. ரிக்கா என்று கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்ப்பேன். வயது ஐம்பத்து நான்கு. கணவர் காலமாகிவிட்டார். தொழில் வெங்காய விவசாயம். மிச்சிகன் மாநிலத்தின் தென்மேற்கே, ஸ்லைட்டர் சாலையின் கடைசி வீட்டில் குடியிருக்கிறேன். இதற்கு முன் எந்த வழக்கிலும் என் பெயர் வந்ததில்லை. டேல் ஸ்டாக்கர் என்பவர் என்மேல் கொடுத்திருக்கும் புகாரைத் துணை ஷெரிஃப் கோரின் ஆஷ்வொர்த் எனக்குப் படித்துக் காட்டினார். என் அண்ணன் கெரிட் வீர்ஸ்மாவின் நிலத்தில் நான் அனுமதியின்றி நுழைந்து, வாய்க்கால் மதகை அடைத்து, டேலின் கேரட் பிடுங்கும் எந்திரம் சேற்றில் புதையக் காரணமாக இருந்தேன் என்பது புகார். மதகை அடைத்தது உண்மை. அடைத்ததில் எனக்கு வருத்தம் எதுவும் இல்லை. அதையும் எழுதிக்கொள்ளச் சொன்னேன்.

எங்கள் அப்பா இறந்தபின் நிலத்தைப் பிரித்தபோது மேட்டுப் பக்கத்துக் கறுப்பு மண் அண்ணனுக்கும், ஒரு துண்டு வெங்காயக் காடும் அதை ஒட்டிய சதுப்பும் எனக்கும் வந்தன. சதுப்பைப் பார்த்து ஊரே எனக்காக அனுதாபப்பட்டது. அந்தச் சதுப்பில்தான் சதுப்புக் கிலுகிலுப்பைப் பாம்புகள் இருக்கின்றன. எங்கள் ஊரில் மாசசாகா என்போம். ஒன்றரை முழ நீளம்தான் இருக்கும், சாம்பல் உடம்பில் பழுப்புத் திட்டுகள், வால் நுனியில் ஒரு சின்னக் கிலுகிலுப்பை, வெட்டுக்கிளி கத்துவதுபோல் ஒரு சத்தம். விஷம் உண்டு. ஆனால் மிதித்தாலொழிய கடிக்காது. மிதித்தாலும் பல நேரம் பொறுத்துக்கொள்ளும். அந்தப் பொறுமை எங்கள் சொந்தக்காரர்களில் பாதிப் பேருக்குக் கிடையாது. முன்பெல்லாம் கண்ட இடத்தில் மண்வெட்டியால் அடித்துக் கொன்றார்கள், மிச்சமிருந்த சதுப்பை வடித்து வயலாக்கினார்கள், இப்போது இந்த மாவட்டத்தில் அவை இருக்கும் இடம் என்று வனவிலங்குத் துறைக்காரர்கள் சொல்வது என்னுடைய சதுப்பு ஒன்றைத்தான். அவற்றைக் கொல்வது சட்டப்படி குற்றம். சட்டம் இல்லாவிட்டாலும் நான் விடமாட்டேன். எனக்கு அவற்றைப் பிடிக்கும்.

குளிர்காலத்தில் இந்தப் பாம்புகள் ஓடை நண்டுகள் தோண்டிய வளைகளுக்குள் இறங்கி, ஊற்றுத் தண்ணீருக்குள் உடம்பை வைத்துக்கொண்டு உறங்கும். மேலே பனி உறைந்தாலும் அந்தத் தண்ணீர் உறையாது. இறங்கிய பிறகு தண்ணீர் வடிந்துவிட்டால் அவற்றால் வேறு இடம் தேட முடியாது, இருந்த இடத்திலேயே உறைந்து செத்துப் போகும். சதுப்பின் தண்ணீரைப் பிடித்து வைப்பது அண்ணன் நிலத்தில், சாலையோரம் இருக்கும் மதகு. அக்டோபரிலிருந்து ஏப்ரல் வரை அதன் பலகைகளைத் தொடக் கூடாது என்று நானும் அண்ணனும் அவர் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் பேசி வைத்திருந்தோம். எழுத்து எதுவும் இல்லை. அண்ணன் வாக்குக் கொடுத்தால் எழுத்து தேவையில்லை.

இந்த நவம்பரில் மழை விடாமல் பெய்தது. அண்ணனின் கேரட் இன்னும் மண்ணுக்குள் இருந்தது. திங்கட்கிழமையை விட்டால் எந்திரம் வேறு ஊருக்குப் போய்விடும் என்று அதை வாடகைக்கு ஓட்டும் டேல் சொல்லியிருக்கிறார். அதனால் வயலில் தேங்கிய தண்ணீர் வடியட்டும் என்று அண்ணன் சனிக்கிழமை மாலை மதகின் மேல் மூன்று பலகைகளையும் உருவிவிட்டு, திங்கட்கிழமை கேரட்டை எடுத்த கையோடு திரும்பப் போட்டுவிடலாம் என்று நினைத்திருக்கிறார். அவர் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. எங்கள் கிறிஸ்தவ சபையில் ஞாயிற்றுக்கிழமை ஓய்வுநாள் என்பதால் யாரும் கையால் ஒரு வேலை செய்வதில்லை. புல் வெட்டுவதில்லை, துணி காயப்போடுவதில்லை, மாட்டிறைச்சியைக்கூட முந்தின இரவே தயார் செய்து அடுப்பில் வைத்துவிடுவோம். எழுபது வருடம் அப்படி வாழ்ந்த மனிதருக்கு சனிக்கிழமைக்கு அடுத்த நாள் திங்கட்கிழமைதான். நடுவில் ஒரு நாள் இருக்கிறது, அந்த நாளில் உறைபனி ஓய்வெடுக்காது என்பது அவருக்குத் தோன்றவே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆராதனையில் போதகர் அன்று இரவு கடுங்குளிர் வரும், வயதானவர்கள் குழாய்களைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று அறிவித்தார். அதன் பின்னர் நான் வீட்டுக்குத் திரும்பும்போது சதுப்பின் ஓரத்தில் காரை நிறுத்தினேன், ஏனென்றால் தண்ணீர் இருக்க வேண்டிய இடத்தில் சேறு தெரிந்தது, நண்டு வளைகளின் வாய்கள் வெளியே தெரிந்தன. அதன் பின்னர் நான் நேராக அண்ணன் வீட்டுக்குப் போனேன். அவர் மேசையில் காபியோடு உட்கார்ந்திருந்தார்.

"அண்ணே, பலகைய நீங்களா எடுத்தீங்க?" என்றேன்.

"ஆமா. நாளைக்கு மத்தியானம் போட்டுடறேன். உக்காரு, கறி சூடா இருக்கு."

"இன்னைக்கு ராத்திரி உறையுதுண்ணே. நாளைக்கு மத்தியானம் பலகை போட்டா செத்த பாம்புக்குத்தான் தண்ணி ஊத்துற மாதிரி."

அவர் முகம் மாறியது. அவருக்கு அப்போதுதான் புரிந்தது என்று எனக்குத் தெரிந்தது. ஆனால் அவர் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு, "இன்னைக்கு ஞாயித்துக்கிழமை, ரிக்கா" என்று மட்டும் சொன்னார்.

"மாடு பள்ளத்துல விழுந்தா ஓய்வுநாள்லயும் தூக்கலாம்னு வேதத்துலயே இருக்குல்ல?"

"அது மாடு. இது பாம்பு. ஏதேன் தோட்டத்துல அது என்ன பண்ணுச்சுன்னும் வேதத்துலதான் இருக்கு."

"அந்தப் பாம்பு எந்தச் சாதின்னு வேதத்துல போட்டிருக்கா? ஆப்பிள் மரம் இருக்கிற பக்கமே நம்ம பாம்பு போகாது."

அவருக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டார். அவர் சபையை நடத்தும் மூப்பர்களில் ஒருவர். ஞாயிற்றுக்கிழமை மதகில் இறங்கி வேலை செய்தால் மற்ற மூப்பர்கள் முன்னால் பதில் சொல்ல வேண்டும். "நான் வரமாட்டேன். நீயும் போகாத" என்றார். நான் போகிறேன் என்றேன். இந்தப் பகுதியைத் துணை ஷெரிஃப் என்னிடம் திரும்பக் கேட்டார். அனுமதி கொடுத்தாரா என்றால் இல்லை, போகாதே என்று சொன்னார், அது உண்மை.

வனவிலங்குத் துறைக்கு ஏன் தெரிவிக்கவில்லை என்று கேட்கப்பட்டது. ஞாயிற்றுக்கிழமை அங்கே தொலைபேசியை எடுக்க ஆள் இல்லை. ஆள் வந்தாலும் திங்கட்கிழமைதான் வருவார்கள், வந்தால் பாம்புகள் செத்திருக்கும், அண்ணன் மாட்டியிருப்பார். எனக்கு இரண்டு தரப்பும் வேண்டும்.

அதன் பின்னர் நான் வீட்டுக்குப் போய், கோயில் உடையைக் கழற்ற நேரம் இல்லாமல் அதன் மேலேயே இடுப்பு வரைக்குமான ரப்பர் பூட்ஸை இழுத்து மாட்டிக்கொண்டு, சுத்தியலும் மர ஆப்புகளும் எடுத்துக்கொண்டு மதகுக்குப் போனேன். அண்ணன் உருவிய பலகைகள் கரையிலேயே அடுக்கி வைக்கப்பட்டிருந்தன. அவர் எதையும் ஒழுங்காக அடுக்குவார். அதன் பின்னர் நான் தண்ணீரில் இறங்கி முதல் பலகையை அதன் காடிப் பள்ளத்தில் இறக்கினேன், அது இறங்கியது. இரண்டாவது பலகைக்கு வெகுநேரம் ஆயிற்று. அதற்குள் மாலை ஆராதனைக்குப் போகும் கார்கள் வரத் தொடங்கிவிட்டன. எங்கள் சபையில் பாதி அந்தச் சாலை வழியாகத்தான் போக வேண்டும். ஒவ்வொரு காரும் என் பக்கத்தில் வந்ததும் வேகம் குறைந்தது, பிறகு வேகம் கூடியது. பாடகர் குழுவில் என் பக்கத்தில் நின்று பாடும் பெண்மணி கண்ணாடியை இறக்கி, "ரிக்கா, உனக்கு உடம்புக்கு ஒண்ணுமில்லையே?" என்று கேட்டார். நன்றாக இருக்கிறேன், எனக்காகவும் சேர்த்துப் பாடுங்கள் என்றேன்.

மூன்றாவது பலகை இறங்க மறுத்தது. வேகமாக வந்த தண்ணீர் அதை மேலே தூக்கிவிட்டது. ஒரு முனையை அழுத்தினால் மறுமுனை எழும்பியது. ஆப்பு அடிக்க இரண்டு கை வேண்டும், பலகையை அழுத்த இன்னொரு ஆள் வேண்டும். எனக்கு விரல்கள் மரத்துப் போயிருந்தன. அழுகை வந்தது. கோபத்தில் வந்த அழுகைதான், ஆனால் அழுதேன். மூன்றாவது பலகை இல்லாவிட்டால் தண்ணீர் வளைகளின் உயரத்துக்கு ஏறாது, இரண்டு பலகை போட்டதும் வீண்.

அந்த நேரத்தில் அண்ணனின் வண்டி வந்து நின்றது. ஆராதனைக்குப் போகிற கறுப்புக் கோட்டும் பாலீஷ் போட்ட காலணியும் அணிந்திருந்தார். தானாடாவிட்டாலும் தன் தசை ஆடும் என்பார்கள். அவர் கரையில் நின்று கொஞ்ச நேரம் என்னைப் பார்த்தார். அதன் பின்னர் மதகின் கல்சுவரைப் பிடித்துக்கொண்டு இறங்கி, பலகையின் மேல் ஏறி நின்றார். பலகை அவர் எடையில் கீழே போய் உட்கார்ந்தது. நான் இரண்டு பக்கமும் ஆப்பு அடித்தேன். அவர் கோட்டுப் பையிலிருந்து ஒரு பெப்பர்மிண்ட் எடுத்து என் வாயில் போட்டார், ஏனென்றால் என் கையில் சேறு. அதன் பின்னர் அவர் ஈரக் காலணியோடு ஆராதனைக்குப் போனார். அண்ணன் மதகில் இருந்தபோது டேல் ஸ்டாக்கர் மான் வேட்டை முடித்து ஆரஞ்சுச் சட்டையோடு அவ்வழியே போயிருக்கிறார். கறுப்புக் கோட்டு போட்ட ஓர் ஆளைப் பின்பக்கமிருந்து பார்த்ததாகவும் முகம் தெரியவில்லை என்றும் புகாரில் சொல்லியிருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை எங்கள் சாலையில் கறுப்புக் கோட்டு போடாத ஆண் டேல் ஒருவர்தான்.

இருட்டுவதற்குள் தண்ணீர் ஏறி வளைகளின் வாயை மூடிவிட்டது. ஊற்று நல்ல ஊற்று. அன்று இரவு குளிர் சொன்னபடியே வந்தது. நான் வீட்டில் கால்களைச் சூடான தண்ணீரில் வைத்துக்கொண்டு, மீதமிருந்த பட்டாணி சூப்பைக் குடித்துவிட்டு, நன்றாகத் தூங்கினேன். காலையில் சதுப்பின் மேல் பனிக்கட்டி கண்ணாடிபோல் கிடந்தது. அடியில் தண்ணீர் இருந்தது. பாம்புகள் எல்லாம் உயிரோடு இருக்கின்றன என்று நான் சத்தியம் செய்ய முடியாது, அது ஏப்ரலில்தான் தெரியும். ஆனால் எனக்கு மனது நிறைந்திருந்தது.

திங்கட்கிழமை அண்ணன் டேலை வயலில் இறங்க வேண்டாம் என்று தடுத்திருக்கிறார். டேல் கேட்காமல் எந்திரத்தை இறக்கி அச்சுவரை புதைத்துக்கொண்டார். மதகை அடைத்தது யார் என்று அவர் சத்தம் போட்டபோது அண்ணன் என் பெயரையும் சொல்லவில்லை, தன் பெயரையும் சொல்லவில்லை. சாலையில் என்னைப் பார்த்தவர்கள் டேலிடம் சொல்லியிருக்கிறார்கள். அண்ணன் வாய் திறக்காததைக் கேள்விப்பட்டபோது எனக்கு வலித்தது. ஆனாலும் இன்று என்னை இந்த ஷெரிஃப் காவல் நிலையத்துக்குக் கூட்டி வந்தது அவருடைய வண்டிதான்.

நிலத்தின் சொந்தக்காரர் சம்மதித்துச் செய்ததாக இருந்தால் என்மேல் வழக்கு நிற்காது என்று துணை ஷெரிஃப் விளக்கினார். அண்ணன் உங்களுக்கு உதவினாரா என்று கேட்டார். நான், "அவர் நின்னார். நின்னார்னு மட்டும் எழுதுங்க. நிக்கிறது வேலையில்ல" என்றேன். உதவினார் என்று பதிவானால் அவர் மூப்பர் பதவிக்கு ஆபத்து வரும் என்பதால் அப்படிச் சொன்னேன். அதற்காக வழக்கு என்மேல் நின்றாலும் நின்றுவிட்டுப் போகட்டும் என்றும் சொன்னேன்.

அதன் பின்னர் வெளியே பெஞ்சில் இருந்த கெரிட் வீர்ஸ்மா உள்ளே அழைக்கப்பட்டு, என்னுடைய இந்த வாக்குமூலம் எங்கள் இருவர் முன்னிலையிலும் படிக்கப்பட்டது. அவர் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு கேட்டார். நின்றார் என்ற இடம் வந்ததும் கையைத் தூக்கி நிறுத்தச் சொன்னார்.

"நிக்கல சார். குதிகால ஊனி மிதிச்சு இறக்குனேன். வேலைதான் செஞ்சேன், ஞாயித்துக்கிழமைதான் செஞ்சேன், என் மதகுலதான் செஞ்சேன். அந்தத் தண்ணிக்குள்ள என் தங்கச்சியத் தனியா நிக்க வச்சு எழுதாதீங்க."

அவர் கேட்டுக்கொண்டபடி "ஏறி நின்றார்" என்பது "மிதித்து இறக்கினார்" என்று திருத்தி வாசிக்கப்படுகிறது. திருத்தத்துக்கு நானும் சம்மதிக்கிறேன். மேலே உள்ளவை யாருடைய வற்புறுத்தலும் இல்லாமல், என் சுய நினைவோடு நான் சொல்லச் சொல்ல எழுதப்பட்டவை, எனக்குப் படித்துக் காட்டப்பட்டவை, எனக்குத் தெரிந்தவரை எல்லாம் உண்மை.

ஒப்பம்: ஹெண்ட்ரிகா டெர்ப்ஸ்ட்ரா

திருத்தம் என்னுடையது. ஒப்பம்: கெரிட் வீர்ஸ்மா, அண்ணன்.

என் முன்பாக: கோரின் ஆஷ்வொர்த், துணை ஷெரிஃப்.