இடாப்பில் பதினேழாம் பெயர்

"துவன்ன! துவன்ன!"

பாண்காரர் கத்துகிறார். ஓடுங்கள் என்று சிங்களத்தில் கத்துகிறார். சைக்கிளைப் பாதையிலேயே போட்டுவிட்டு மூச்சிரைக்க வந்து நிற்கிறார். பல வருடமாக எங்கள் தோட்டத்துக்குப் பேக்கரிப் பாண் கொண்டுவரும் மனிதர். இன்று பெட்டியில் பாண் இல்லை. செய்தி மட்டும்தான்.

ஓடுகிறோம். நானும் இருபத்து மூன்று பிள்ளைகளும். பள்ளிக்கூடத்தின் பின்கதவு. கான். அந்த வாய்க்காலைத் தாண்டினால் தேயிலை. சின்னதுகளின் கையைப் பெரியதுகள் பிடித்திருக்கின்றன. யாரும் அழவில்லை.

எண்பத்து மூன்று ஜூலை. புதன்கிழமை. பிற்பகல் ஒன்று நாற்பது. நமுனுகுல மலைக்குக் கீழே ஒரு தோட்டம். அதன் பள்ளிக்கூடத்துக்கு நான் ஒருவன்தான் வாத்தியார். பதுளை டவுனில் தமிழர் கடைகள் எரிகின்றன என்று காலையிலேயே தெரியும். பள்ளிக்கூடத்தை மூடச் சொல்லியிருந்தார்கள். ஆனாலும் தாய்மார் மேல்மலைக்குக் கொழுந்து பறிக்கப் போய்விட்டார்கள். பிள்ளைகள் என் பொறுப்பில் இருந்தார்கள்.

உயிருக்கு ஓடுகிறவன் எதைத் தூக்குவான் என்று சொல்ல முடியாது. நான் இடாப்பைத் தூக்கினேன். தினமும் பெயர் கூப்பிட்டு வரவு போடுகிற அந்த நீலக் கொப்பி. ஏன் தூக்கினேன்? வாத்தியார் புத்தி. மேசையில் கிடந்த கொமாஞ்சிப் புத்தகத்தை விட்டுவிட்டேன்.

அந்தப் புத்தகம் மாதா கோயிலில் இருந்த பழைய பாதர் ஒருவர் விட்டுப்போனது. ஆங்கிலம். மதியச் சோற்றுக்குப் பிறகு அதைத் தமிழில் சொல்வேன். அமெரிக்காவின் புல்வெளியில் குதிரையோடு வாழ்ந்த சனம் கொமாஞ்சிகள். நடக்கப் பழகும்போதே குதிரை ஏறவும் பழகிவிடுவார்கள். எருமை மந்தை போகும் இடமெல்லாம் போவார்கள். அதன் இறைச்சி சாப்பாடு. அதன் தோல் கூடாரம். கூடாரத்தைக் கட்டுவதும் பெண்கள், கழற்றுவதும் பெண்கள். கழற்றிய கம்புகளைக் குதிரையில் பூட்டி, சாமானை அதன்மேல் போட்டு இழுத்துப் போய்விடுவார்கள். லயத்து வரிசை வீடுகளில் பத்தடிக் காம்பராவுக்குள் பிறந்த எங்கள் பிள்ளைகள் இதைக் கேட்டு வாயைப் பிளப்பார்கள்.

திங்கட்கிழமை சொன்னது பள்ளத்தாக்குக் கதை. பட்டாளம் விடியற்காலையில் இறங்கியது. சனம் பாறைகளில் ஏறித் தப்பியது. ஆட்கள் அதிகம் சாகவில்லை. பட்டாளம் கூடாரங்களை எரித்தது. குளிர்காலத்துக்கு வைத்திருந்த இறைச்சியை எரித்தது. பிறகு, பிடித்த குதிரைகளில் ஆயிரத்துக்கும் மேலே சுட்டுப் போட்டது. குதிரை இல்லாத கொமாஞ்சி எங்கே போவான்? கடைசியில் சரணடைந்தார்கள்.

"குதிர என்னா சேர் செஞ்சிச்சு?"

கேட்டவள் பதினேழாம் இலக்கம். நாலாம் வகுப்பு. அந்தச் சனத்தின் வழக்கம் ஒன்றைச் சொல்லிப் பேச்சை மாற்றினேன். இறந்தவரின் பெயரை அவர்கள் சொல்ல மாட்டார்கள். அவருடைய சாமானை அழித்துவிடுவார்கள். கூடாரத்தையும் வேறு இடத்துக்கு மாற்றிவிடுவார்கள்.

இரண்டு மணி ஐந்து நிமிடம். தேயிலைச் செடிக்குக் கீழே குப்புறக் கிடக்கிறேன். கும்பலின் லொறிகள் வருகிற சத்தம். இரண்டு. கண்ணாடி உடைகிற சத்தம். நாய்கள். தேயிலை அரைக்கும் ஸ்டோரின் சங்கு ஒரே மூச்சில் ஊதிப் பாதியில் நிற்கிறது. பிறகு லயத்துக் கூரைத் தகரம் சூட்டில் வெடிக்கிறது. படார். படார். எண்ணுகிறேன். பன்னிரண்டோடு விட்டுவிட்டேன்.

மூன்று இருபது. சத்தம் அடங்கியது. மூடுபனி இறங்கியது. கை நீட்டினால் விரல் தெரியவில்லை. போய்விட்டார்கள் என்று நினைத்தேன். அந்த நினைப்புக்காக நான் என்னை இன்றுவரை மன்னிக்கவில்லை.

பிள்ளைகள் நிரை நிரையாகச் சிதறிக் கிடந்தார்கள். எத்தனை பேர் வந்து சேர்ந்தார்கள், தெரியாது. யாரையாவது கானில் விட்டுவிட்டேனா? இடாப்பைத் திறந்து முகத்தோடு ஒட்டிப் பிடித்தேன். மெதுவாகக் கூப்பிட்டேன். ஒன்று. இரண்டு. செடிகளுக்குக் கீழிருந்து பதில் வந்தது. குசுகுசுவென்று. வந்திருக்கேன் சேர். வந்திருக்கேன் சேர். பதினாறு பேர்.

பதினேழு. பதில் இல்லை. மறுபடி கூப்பிட்டேன். இல்லை. மூன்றாம் தரம் வாய்விட்டுக் கூப்பிட்டேன்.

அவள் மேலே பாதை ஓரம் வரை ஊர்ந்து போயிருந்தாள். எனக்குத் தெரியாது. வகுப்பில் அவளுக்குக் குரல் எழும்பாது. சத்தமாகச் சொல்லு, எழுந்து நின்று சொல்லு என்று தினமும் ஏசுவேன். எழுந்து நின்றாள். சத்தமாகச் சொன்னாள்.

"வந்திருக்கேன் சேர்!"

பாதையில் ஒரு லொறி எஞ்சினை நிறுத்திவிட்டு நின்றிருக்கிறது. குரல் வந்த பக்கம் ஒரு துவக்கு வெடிக்கிற சத்தம். ஒன்றே ஒன்று. பிறகு எஞ்சின் சத்தம். பிறகு ஒன்றுமில்லை.

நான் எழும்பவில்லை. பக்கத்தில் கிடந்த இரண்டு பிள்ளைகளின் வாயைப் பொத்தியபடி கிடந்தேன். இருபத்திரண்டு பேரைக் காப்பாற்றக் கிடந்தேன் என்று பிறகு எல்லோரும் சொன்னார்கள். பயத்தில் கிடந்தேன். அதுதான் உண்மை.

அவளுடைய தாய் சவரியம்மாவிடம், ஓடும்போது சுட்டார்கள் என்று சொன்னேன். கூப்பிட்டது நான் என்று சொல்லவில்லை. அகதி முகாமிலும் சொல்லவில்லை. நாற்பது வருடம் ஓடிவிட்டது. போன சனத்தில் பாதி இந்தியாவுக்குப் போனது. பாதி வன்னிக்குப் போய் அங்கேயும் குண்டு பார்த்தது. சவரியம்மா போகவில்லை. நானும் போகவில்லை. ஒரே கோயிலில் ஒவ்வொரு ஞாயிறும் அவளைக் கண்டு தலையைக் குனிந்துகொள்வேன்.

போன மாதம் கோயில் இளைஞர்கள் வந்தார்கள். நினைவுக்கல் வைக்கப் போகிறார்களாம். பெயர் வேண்டுமாம். ஸ்டோர் காவல்காரர் அந்தோனியின் பெயரைக் கொடுத்தேன். சங்கு ஊதியவர். ஊதியபடியே வெட்டுப்பட்டவர். அடுத்த பெயரைக் கேட்டார்கள். கொமாஞ்சி வழக்கத்தைச் சொன்னேன். இறந்தவர் பெயரைச் சொல்லாமல் விடுவதும் ஒரு மரியாதை என்றேன். பிள்ளைகள் ஒன்றும் விளங்காமல் போனார்கள்.

மறுநாள் காலை சவரியம்மா வந்தாள். கம்பு ஊன்றி, மேடேறி.

"எம் புள்ள பேரு எங்க சேர்?"

அதே கொமாஞ்சிக் கதையைச் சொன்னேன். நின்றபடியே முழுக்கக் கேட்டாள்.

"அது அவுங்க வழக்கம். அவுங்களுக்கு அது மரியாத. நமக்கு ஏது சேர் பேரு? சம்பளச் செக்ரோல்ல வெறும் நம்பரு. இந்த நாட்டுப் பெரஜாவுரிமக் கடதாசியிலயும் இல்ல, இந்தியாக் கடதாசியிலயும் இல்ல. எம் புள்ள ஒங்க இடாப்புல மட்டுந்தான் இருக்கா."

கூப்பிட்டது நான்தான் என்றேன். மூன்று தரம் என்றேன்.

"தெரியும் சேர். புள்ளைங்க அன்னைக்கே சொல்லிட்டாங்க. நீங்களா சொல்லுவீங்கன்னு பாத்துக்கிட்டிருந்தேன்."

திட்டவில்லை. அழவுமில்லை. திட்டியிருக்கலாம். நான்தான் அழுதேன், எழுபத்தாறு வயதில், வாசலில் நின்று. அவள் இடாப்பை எடுத்து வரச் சொன்னாள். படிக்கத் தெரியாது. பதினேழாவது வரியைக் காட்டச் சொல்லி, விரலை அதில் வைத்துக்கொண்டாள்.

"எழுதிக் குடுங்க."

கொமாஞ்சிகள் இன்றும் இருக்கிறார்கள். பேரன் போனில் காட்டினான். தங்கள் மொழியைப் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறார்களாம். அவர்கள் என்னைப் பொறுத்துக்கொள்ள வேண்டும். அவர்களுடைய மரியாதையை நான் ஒளிவதற்கு எடுத்துக்கொண்டேன்.

எழுதிக் கொடுத்தது இது.

எரிந்த லயம் இரண்டு. காம்பரா இருபத்து நான்கு. பள்ளிக்கூடம் ஒன்று. புத்தகம் ஒன்று. திரும்பி வராத குடும்பம் பதினொன்று. இறந்தவர் இருவர். அந்தோனி, ஸ்டோர் காவல்காரர். ஜெயமேரி, சவரியம்மாவின் மகள், ஒன்பது வயது, இடாப்பில் இலக்கம் பதினேழு. மூன்று தரம் கூப்பிட்டேன். மூன்றாம் தரம் பதில் சொன்னாள்.