பன்னிரண்டாவது கல்லு

— இளநியக் குடிச்சி முடி ஸப்ரி! அஸர் தொழுதிட்டு பஹ்மிட உம்மாட்டப் போப்போறன். நீயும் வா.

— அண்டைக்கு அவனோட சேந்து விழுந்து ஒடிஞ்ச இந்தக் காலோட எங்க காக்கா வாற? உங்களுக்கு அங்க என்ன வேல? ஜனாஸாவுக்கு வந்தீங்க, கபுறடியிலயும் நிண்டீங்க. போதும்.

— மாப்புக் கேக்கணும்டா. பஹ்மி மௌத்தானது என்னால.

— உங்களாலயா? ரோட்டுல நெல்லுக் காயப்போட்ட மனிசனுக்கும் எங்கட பைக் ரேஸுக்கும் என்ன சம்பந்தம்?

— நெல்லுக்கு மேல வாகனம் ஏறாம இரிக்க ரோட்டுல பன்னிரண்டு கல்லு வெச்ச நான். பின்னேரம் நெல்ல அள்ளி மூட கட்டின பொறகு பதினொண்டத்தான் தூக்கி ஓரத்தில போட்ட. முதுகு முறியிறமாதிரிக் கிடந்திச்சு. ஒண்டுதானே, காலையில பாப்பம் எண்டு வந்துட்டன். அண்டைக்கு ராத்திரித்தான் நீங்க ரெண்டு பேரும் ஓடியிருக்கிங்க.

— வேகத்தால விழுந்தான் எண்டு ஊரே சொல்லுது. பொலிஸும் அப்பிடித்தான் எழுதியிரிக்கி.

— பொலிஸ் எழுதினா அல்லாஹ்வுக்கும் அதுதானா?

— காக்கா, பாரம் குறையணும் எண்டு முன் பிரேக்கையே கழட்டிட்டு ஓடினவன் அவன். கல்லு இல்லாட்டி மாடு. ஒரு நாளைக்கு அடிபடத்தான் இருந்தவன்.

— செத்தவன அப்பிடிக் கதைக்காத. உன்ட கூட்டாளிதானே?

— கூட்டாளிதான். ஒருநாளும் என்ன வெல்ல விடாத கூட்டாளி.

— பஹ்மிட உம்மா, ஜெனூபா தங்கச்சி, எனக்குச் சோறு அனுப்பியிருக்காடா. சத்தம் கேட்டு ஓடிப்போய், ரோட்டுல கிடந்த புள்ளைக்கு நான்தான் கடைசிக் கலிமா சொல்லிக் குடுத்தனாம், எனக்காக அல்லாஹ்ட்ட துஆக் கேக்கிறாவாம். அந்தச் சோற அப்பிடியே மூடி வெச்சிரிக்கன். இண்டைக்குச் சொல்லாட்டி இனி என்னால தண்ணியும் குடிக்கேலா.

— போகாதீங்க காக்கா. உங்கட கையப் புடிச்சிக் கேக்கிறன்.

— என்னக் காப்பாத்தப் பாக்கிறியா?

— இல்ல. நீங்க சொன்னா, கல்லு எந்தப் பக்கம் கிடந்த எண்டு கேப்பாங்க.

— இடப்பக்கம். பஹ்மி வந்த பக்கம். கேட்டாத்தான் என்ன?

— யாரு எந்தப் பக்கம் ஓடுற எண்டு எப்பயும் காசு சுண்டித்தான் பாப்பம். அண்டைக்கு நான் சுண்டவிடல்ல.

— ஏன்?

— ஓடுறதுக்கு முந்தி ரோட்டப் பாத்துட்டு வாறது என்ட வேல. நீங்க மறந்த கல்ல நான் கண்ட. கண்டுட்டுத்தான் காக்கா, வலப்பக்கம் எனக்கு வேணும் எண்டு கேட்டு வாங்கின.