கடைசி நிமிடத்தில் தெரியும் முகம்

இந்த நாற்காலி பரவாயில்லை, முதுகைப் பிடிக்கவில்லை. எங்கள் வீட்டு நாற்காலிகளெல்லாம் அவர் பார்த்து வாங்கியவை. அரை மணி உட்கார்ந்தால் இடுப்பு போய்விடும். நீங்கள் நிதானமாக எழுதிக்கொள்ளுங்கள். நான் எதையும் மறைக்கப் போவதில்லை.

என் கணவர் தொலைக்காட்சி நிலையத்தில் நாடகம் எழுதி இயக்கியவர். நாற்பது வருடத்துக்கு முன் அவர் போட்ட ஒரு நாடகத்தைப் பற்றி இன்றும் பேசுகிறார்கள். தூரத்து நட்சத்திரங்களைப் பார்ப்பதற்காக ஒரு விஞ்ஞானி கருவி ஒன்றைச் செய்கிறான். திரையில் வருவதோ செத்துப்போன அவன் மனைவி. செத்தவர்கள் எங்கேயும் போய்விடுவதில்லை, அவர்களுடைய வெளிச்சம் நம்மிடம் வந்து சேரத் தாமதமாகிறது என்று கண்டுபிடிக்கிறான். முதலில் குரல் மட்டும் வரும். கடைசி நிமிடத்தில் முகம் தெரியும்.

அந்த மனைவி நான்தான்.

நேரடி ஒளிபரப்பு, ஒரே தடவை. ஸ்டூடியோ மூலையில் கறுப்புத் துணிக்கு முன்னால், எனக்கென்று வைத்த கேமரா எதிரில் நின்றேன். வீட்டில் இருந்தவர்களெல்லாம் பார்த்தார்கள், நான்தான் பார்க்கவில்லை. பதிவு செய்த நாடாவையும் நிலையத்தில் அழித்துவிட்டதாகச் சொன்னார்கள். அது தொலைந்ததும் நல்லதாயிற்று. ஆளுக்கு ஆள் சொல்லச் சொல்ல நாடகம் வளர்ந்தது. அவருக்கு விருது வந்தது. என்னிடம் நடிப்புக் கற்றுக்கொள்ளப் பிள்ளைகள் வந்தார்கள். கண்ணைச் சிமிட்டாமல் எப்படி நிற்பது என்று அவர்களுக்குக் காட்டுவேன்.

போன மாதம் வயர் வந்தான். நிலையத்தில் மின்வேலை பார்த்தவன், எல்லோருக்கும் அவன் வயர்தான். அவரை அண்ணன் என்பான், என்னை அண்ணி என்பான். பாதி நாள் எங்கள் வீட்டில்தான் சாப்பாடு.

"அண்ணே, நம்ம நாடகம் கிடைச்சிருச்சு," என்றான், செருப்பைக்கூடக் கழற்றாமல்.

அழிக்கச் சொல்லிக் கொடுத்த நாடாவை, மனசு வராமல் வீட்டுக்கு எடுத்துப் போய்விட்டானாம். வேலை போய்விடும் என்று அப்போது வாயைத் திறக்கவில்லை. பிறகு பரண்மேல் போட்டு மறந்தே போனான். இப்போது நாடா ஓட்டும் பழைய மெஷின் ஒன்றைச் சரிசெய்துகொண்டிருக்கிறான், அது ஓடியதும் எல்லோரையும் கூட்டிப் போட்டுக் காட்ட வேண்டும் என்றான்.

என் கணவர் முகம் வெளிறிப்போயிற்று. "வேண்டாம்டா. தொலைஞ்சது தொலைஞ்சதாவே இருக்கட்டும்," என்றார். சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார்.

இத்தனை வருடம் குடித்தனம் செய்தவளுக்கு அதற்கு மேல் என்ன சொல்ல வேண்டும்? அட்டையில் செய்த கருவி, பெயின்ட் அடித்த வானம். இந்தக் காலத்துப் பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பை அவர் உடம்பு தாங்காது.

வயரிடம் தனியாகச் சொல்லிப் பார்த்தேன். "உங்களுக்குக் கூச்சம் அண்ணி. நீங்க சும்மா இருங்க, நான் பாத்துக்கறேன்," என்று சிரித்தான். நல்லவன். நல்லவர்களிடம் எதையும் புரியவைக்க முடிவதில்லை.

செவ்வாய்க்கிழமை காலை அவர் கண் டாக்டரிடம் போயிருந்தார். வயர் மெஷினை வண்டியில் கொண்டுவந்து கூடத்தில் இறக்கினான். கூடவே ஒரு நாடா. மெஷின் ஓடவில்லை. மூடியைக் கழற்றினான்.

"அண்ணி, மெயினை அணைச்சிருங்க. உள்ளே கைய விடணும்."

அணைத்தேன். மின்விசிறி நிற்பதை அவனும் பார்த்தான்.

"விட்டுட்டியா தம்பி?"

"விட்டுட்டேன். கொஞ்சம் இருங்க அண்ணி."

போட்டேன்.

பழைய வீடு. ஷாக் அடித்தால் தானாக அணையும் சுவிட்ச் ஒன்று மாட்டித் தருகிறேன் என்று வயரே பல தடவை சொன்னான், நாங்கள்தான் பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போட்டோம். அவன் என்னைக் கூப்பிட்டான். வார்த்தை முழுசாக வரவில்லை. சத்தம் நின்ற பிறகும் கொஞ்ச நேரம் விட்டுவைத்தேன். அரைகுறையாக விட்டால் அவனுக்குத்தானே கஷ்டம். பிறகு அணைத்துவிட்டு, நாடாவைக் கொல்லையில் கொண்டுபோய்க் கொளுத்தினேன். விபத்து என்று சொன்னதை எல்லோரும் நம்பினார்கள். என் கணவர் அவன் கால்மாட்டில் உட்கார்ந்து அழுதார். பார்க்கப் பாவமாக இருந்தது. தண்ணீர் கொடுத்தேன்.

அவன் மகள்தான், அப்பா கொண்டுவந்த நாடா எங்கே என்று கேட்டாள். அதுதான் உங்களை என் கொல்லைப்புறம் வரைக்கும் கொண்டுவந்தது.

நான் எரித்தது மெஷினை ஓட்டிப் பார்க்க அவன் எடுத்துவந்த ஏதோ ஒரு நாடா என்கிறீர்கள். நாடகம் அவன் மகள் அலமாரியில் பத்திரமாக இருந்ததாம். நேற்று நீங்களெல்லாம் உட்கார்ந்து பார்த்தீர்களாம். யாரும் சிரிக்கவில்லை, உடம்பு சில்லிட்டுவிட்டது என்றீர்கள். சந்தோஷம். கடைசி நிமிடத்தில் விஞ்ஞானி திரையையே பார்த்துக்கொண்டு நிற்கிறான், அவன் முகம் மட்டும்தான் தெரிகிறது, உங்கள் முகம் எங்கேயும் வரவில்லையே அம்மா என்றும் கேட்டீர்கள்.

என் கணவரையும் விசாரித்திருக்கிறீர்கள். ஒத்திகையிலேயே அவளுக்கு நடிப்பு வரவில்லை, அன்றைக்கு ஒளிபரப்பை அவள் கேமராவுக்கு நான் மாற்றவே இல்லை, இத்தனை வருடமாக அதைச் சொல்ல மனசு வரவில்லை, அவளுக்காகத்தான் நாடாவைப் போட வேண்டாம் என்றேன் என்று அழுதாராம்.

அதையெல்லாம் எழுதிக்கொள்ளாதீர்கள். அவருக்காக நான் ஒரு உயிரை எடுத்ததை அவரால் தாங்க முடியவில்லை. பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டு என்னைக் காப்பாற்றப் பார்க்கிறார். நல்ல மனுஷன்தான். ஆனால் நம்பும்படியாக ஒரு பொய் சொல்ல அவருக்கு என்றைக்குமே வந்ததில்லை.