கையுறைக்குள் ஒரு கை

சுவிட்சர்லாந்தின் லுசேர்ண் நகரப் பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு தமிழர்கள். ஹோட்டலில் பரிமாறும் வேலைக்காரர்கள். இளையவன் சொன்னான்:

"அண்ணை, நேற்று டிவியில என்ர கை வந்தது."

"கையோ?"

"ஓம். எங்கட ஹோட்டலில பெரிய ஆக்களின்ர நடன விருந்தைப் படம் எடுத்தவங்களெல்லே. முகமெல்லாம் அவையின்ர. எங்கட கையள் மட்டும்தான்."

"எல்லாருக்கும் வெள்ளைக் கையுறை. உன்ரை எதெண்டு எப்பிடித் தெரியும்?"

"எல்லாரும் பழக்கினபடி இடக்கையால பிளேட்டை வைக்கினம். ஒரு கை மட்டும் கடைசியில வலக்கைக்கு மாத்தி வைக்குது. சாப்பாட்டை இடக்கையால குடுக்க எனக்கு மனம் வரேல்லை."

"முதலாளி ஏசேல்லையோ?"

"ஏசினவன்தான். படத்தைக் கசற்றில பதிஞ்சிட்டன். அம்மாவுக்கு அனுப்பப்போறன்."

"முகமே இல்லாத படத்தையோ?"

"அவ கண்டுபிடிச்சிடுவா, அண்ணை."